அடங்காத் தமிழர்: கணிதப் பேராசிரியர் செல்லப்பா சுந்தரலிங்கம்

வன்னி நிலத்துக்கு முன்னோர் இட்டு வழங்கிய பெயர்களுள் அடங்காப்பற்று என்பதும் ஒன்று. வந்தேறிய அரசுகளுக்கு எளிதிற் பணியாத மண் என்பது அப்பெயர் உணர்த்தும் பொருள். அந்த மண்ணின் பிரதிநிதியாக 1947ஆம் ஆண்டு பாராளுமன்றம் புகுந்த பேராசிரியர் செல்லப்பா சுந்தரலிங்கம் அவர்களை மக்கள் அடங்காத் தமிழர் என்றே வழங்கினர். மண்ணின் பெயரும் மனிதரின் பெயரும் இவ்வண்ணம் பொருந்தி வருவது அரிது.

எமது மன்றத்து ஆண்டு மலரிலே பெரியார் ஒருவரின் வரலாற்றை எழுதும் பொறுப்பு இம்முறை மாணவர்களாகிய எம்மிடம் வந்தது. நாயன்மார் ஒருவரையோ, நாவலர் பெருமானையோ எடுத்துக்கொண்டிருந்தால் வேலை எளிதாக முடிந்திருக்கும். கணக்குப் படித்தவர், கணக்குப் படிப்பித்தவர், அரசியலிலும் கணக்கையே கையாண்டவர் ஒருவரை நாம் தேர்ந்துகொண்டோம். அவருடைய வாழ்வில் நாம் தலைவணங்கும் இடங்கள் பல. தலைகுனியும் இடமும் உண்டு. இரண்டையும் எழுதாவிட்டால் அது வரலாறாகாது என்பது எமது எண்ணம். மூத்தோர் எம்மைப் பொறுத்தருள்க.

மன்னாருக்கும் இவருக்கும் என்ன தொடர்பு என்று கேட்போருக்கு ஒன்று சொல்லுவோம். 1947ஆம் ஆண்டுத் தேர்தலிலே அயல் தொகுதிகள் இரண்டும் ஒரே வகையாக நடந்துகொண்டன. வவுனியா சுந்தரலிங்கத்தைத் தெரிந்தது. மன்னார், கேம்பிரிட்ஜிலே கணிதம் பயின்று சிவில் சேவையில் இருந்தவராகிய கதிரவேலு சிற்றம்பலம் அவர்களைத் தெரிந்தது. கட்சிச் சார்பின்றி வென்ற கணித வல்லுநர் இருவரும் டி. எஸ். சேனநாயக்காவின் முதலாவது மந்திரிசபையில் இடம்பெற்றனர். ஒருவருக்கு வர்த்தகம், மற்றவருக்குத் தபாலும் தொலைத்தொடர்பும். குளத்து நீரையும் கடல் மீனையும் நம்பி வாழ்ந்த இரு வறண்ட மாவட்டங்கள், உயர்தர வகுப்புக்குப் பிள்ளைகளை யாழ்ப்பாணத்துக்கு அனுப்பவேண்டியிருந்த அந்தக் காலத்திலே, கணிதம் கற்ற இருவரைத் தேடிப் பிடித்து அனுப்பின என்பது இன்று நினைத்தாலும் வியப்பாக இருக்கிறது.

சுந்தரலிங்கம் அவர்கள் யாழ்ப்பாணத்து உரும்பிராயிலே 1895ஆம் ஆண்டு ஆகஸ்ட் 19ஆம் நாள் பிறந்தார். செம்மண் தோட்டமும் துலாக்கிணறும் சூழ்ந்த ஊர் அது. உடன்பிறந்தார் பெயர்களும் லிங்கம் என்றே முடிந்தன. அவருள் நாகலிங்கம் அவர்கள் உச்ச நீதிமன்ற நீதியரசராகி, 1954இல் பதில் மகாதேசாதிபதியாகவும் கடமை பார்த்தார். கல்வியே சொத்து என்று கருதிய குடும்பம் என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை.

சைவக் குடும்பத்துப் பிள்ளையாகிய அவர் படித்தது யாழ்ப்பாணம் பரி. யோவான் கல்லூரியிலும், பின்னர் கொழும்பு புனித சூசையப்பர் கல்லூரியிலும் ஆகும். முன்னது அங்கிலிக்கன் மிஷனாரின் பள்ளிக்கூடம். பின்னது கத்தோலிக்கக் குருமாரின் பள்ளிக்கூடம். மன்னாரிலே பிறந்த நம்மவருக்கு இது புதுமையன்று. எம்முட் பலர் காலையில் திருநீறு பூசிக்கொண்டு புறப்பட்டு, மிஷன் பள்ளிக்கூடத்து மணி ஒலிக்குமுன் வரிசையில் நின்று வளர்ந்தவர்கள். அங்கே கற்ற ஒழுங்கும் ஆங்கிலமும் கணக்கும் எம்மைவிட்டு நீங்கவில்லை. வீட்டிலே பாட்டி சொல்லித்தந்த தேவாரமும் நீங்கவில்லை. இந்த இரட்டை வளர்ப்பைக் குறைபாடென்பாரும் உளர். அவ்வாறு நாம் கருதவில்லை. சுந்தரலிங்கம் அவர்களும் கருதினாரென்று தோன்றவில்லை. இறுதிவரை அவர் சைவராகவே வாழ்ந்தார், எந்தச் சபையிலும் எவருக்கும் கூசாமல் ஆங்கிலத்தில் வாதாடினார்.

இலண்டன் பல்கலைக்கழகத்துப் பட்டம் பெற்றபின் ஒக்ஸ்போட் பல்கலைக்கழகத்துப் பேலியல் கல்லூரிக்குச் சென்று கணிதத்தில் முதல் வகுப்புச் சித்தி எய்தினார். பாரிஸ்டர் பட்டமும் பெற்றார். 1920இல் சிவில் சேவைப் பரீட்சையிலும் தேறி இலங்கைச் சிவில் சேவையில் அமர்ந்தார். அந்நாளில் சிவில் சேவை என்றால் என்ன என்பதை இக்கால இளைஞர் அறியார். கச்சேரியிலே ஏசண்டர் துரைக்கு முன் ஊர்ப் பெரியவர்களும் சால்வையைத் தோளிலிருந்து இறக்கி நின்ற காலம் அது. அந்த நாற்காலியில் ஒரு தமிழ்ப் பிள்ளை அமர்ந்துவிட்டால் அவனுடைய ஏழு தலைமுறைக்கும் பெருமை என்று ஊர் பேசிற்று. சீதனமும் அதற்கேற்ப ஏறிற்று. அத்தகைய உத்தியோகத்தைச் சிறிது காலத்திலேயே துறந்துவிட்டு அவர் ஒரு பள்ளிக்கூடத்துக்குப் படிப்பிக்கப் போனார். இன்று வேலை தேடி அலுவலகப் படிகளில் ஏறி இறங்கும் எமக்கு இந்தச் செயலின் கனம் நன்றாகவே விளங்குகிறது.

அவர் போன பள்ளிக்கூடம் கொழும்பு ஆனந்தாக் கல்லூரி. 1886ஆம் ஆண்டு ஒல்கொட் முதலானோர் முயற்சியால் பௌத்தப் பிள்ளைகளுக்கென எழுந்த கலாசாலை அது. பி. த எஸ். குலரத்தின அவர்கள் அதிபராயிருந்து அதனைத் தேசிய உணர்வின் பாசறையாக வளர்த்துவந்த காலத்திலே, யாழ்ப்பாணத்துச் சைவர் ஒருவர் துணை அதிபராகச் சேர்ந்தார். கிறித்தவப் பள்ளிகளிற் படித்த சைவர், பௌத்தப் பள்ளியிற் படிப்பித்தார். மதத்தின் பெயராலும் மொழியின் பெயராலும் நாடு பின்னாளில் எப்படிப் பிளவுண்டது என்பதை அறிந்த நமக்கு இது கதைபோலத் தோன்றலாம். அன்றோ பிரித்தானியர் கையில் இருந்த அதிகாரத்தைச் சொந்த நாட்டார் பெறவேண்டுமானால் முதலிற் கல்வி பெருகவேண்டும் என்ற எண்ணம் இனம் கடந்து பலரைப் பிணைத்திருந்தது.

இவ்விடத்தில் சர்வகலாசாலை இயக்கத்தைப் பற்றிச் சிறிது கூறவேண்டும். இலங்கைக்கு ஒரு பல்கலைக்கழகம் வேண்டும் என்று சேர் பொன்னம்பலம் அருணாசலம் முதலானோர் 1906இல் சங்கம் அமைத்துக் கேட்டனர். அருணாசலம் அவர்களும் கேம்பிரிட்ஜிலே கணிதம் கற்றவரே. பதினைந்து ஆண்டுக் காத்திருப்பின் பின்னர் 1921இல் கிடைத்தது முழுப் பல்கலைக்கழகமன்று. பல்கலைக்கழகக் கல்லூரி மட்டுமே. கொழும்பு தேர்ஸ்டன் வீதியில் ரெஜினா வளவு என்ற மாளிகையை வாங்கி, அதற்குக் கல்லூரி இல்லம் என்று பெயரிட்டு, ரொபேட் மார்ஸ் என்பவரை அதிபராக்கி 115 மாணவருடன் அதனைத் தொடங்கினர். படிப்பிப்பது இங்கே; பட்டம் வழங்குவது இலண்டன். வினாத்தாள் கப்பலில் வரும். விடைத்தாள் கப்பலிற் போகும். முடிவு தந்தியில் வரும்வரை மாணவன் நெஞ்சு அடித்துக்கொண்டிருக்கும்.

இந்தக் கல்லூரியிலேதான் சுந்தரலிங்கம் அவர்கள் 1922 முதல் 1940 வரை கணிதப் பேராசிரியராகப் பணியாற்றினார். பதினெட்டு ஆண்டுகள்! அவர் வாழ்விலே வேறெந்தப் பதவியிலும் இத்தனை காலம் அமர்ந்ததில்லை. மந்திரியாக இருந்ததோ ஓராண்டுக்குச் சற்று மேல். ஆயினும் சுந்தரலிங்கம் என்றதும் பேசப்படுவது மந்திரிப் பதவியும் பாராளுமன்றச் சண்டையுமே; கரும்பலகைக்கு முன் நின்ற பதினெட்டு ஆண்டுகளைப் பற்றிப் பேசுவார் இல்லை. ஆசிரியத் தொழிலுக்கு எப்போதும் நேரும் கதி இதுதான்.

சுண்ணக்கட்டி பிடித்த அந்த ஆண்டுகளின் பயன் யாது? பரந்த நாட்டிலே அக்கல்லூரி ஒன்றே உயர்கல்விக்கு வாசலாக இருந்தது. இலண்டனில் அமர்ந்திருந்த பரீட்சகர், விடைத்தாள் எழுதியவன் உரும்பிராயானா கண்டியானா என்று பாரார். விடை சரியா பிழையா என்றே பார்ப்பார். அந்தப் பரீட்சகர் முன் நம் நாட்டுப் பிள்ளைகள் எவருக்கும் தாழ்ந்தவரல்லர் என்று ஆண்டுதோறும் காட்டவேண்டிய கடமை ஆசிரியர் மீது இருந்தது. முதல் வகுப்புச் சித்திகள் கூடக்கூட, தனிப் பல்கலைக்கழகத்துக்கான கோரிக்கையும் வலுத்தது. அக்கல்லூரியிலே கணிதம் பயின்று கேம்பிரிட்ஜுக்குச் சென்றவர்களுள் கிறிஸ்டி ஜெயரத்தினம் எலியேசர் ஒருவர். வடமராட்சி ஹாட்லிக் கல்லூரி மாணவராகிய இவர் புகழ்பெற்ற பௌதிகவியலாளர் டிராக்கின் கீழ் ஆராய்ச்சி செய்தார்; இலத்திரன் ஒன்று கதிர்வீசிக்கொண்டு இயங்கும் முறையை 1940களில் அவர் ஆராய்ந்த கட்டுரைகளை அத்துறையினர் இன்றும் எடுத்தாள்வர். தேர்ஸ்டன் வீதியின் வகுப்பறைக்கு இதைவிட வேறு நற்சான்றுப் பத்திரம் வேண்டுமா?

அப்போது பாடமெல்லாம் ஆங்கிலத்திலே நடந்தன. தூய கணிதம், பிரயோக கணிதம், வகையீடு, தொகையீடு, நிலையியல், இயக்கவியல் என்று நாம் இன்று உயர்தர வகுப்பில் சரளமாகச் சொல்லும் சொற்கள் பின்வந்தோர் ஆக்கியும் திருத்தியும் தந்தவை. பேராசிரியரின் வகுப்பிலே மன்னாரான் ஒருவன் அமர்ந்திருக்க வேண்டுமானால் அவன் முதலில் நல்ல ஆங்கிலப் பள்ளிக்கூடம் ஒன்றிற் கட்டணம் கட்டிப் படித்திருக்க வேண்டும். உயர்கல்வி உயர்ந்தோர் வீட்டுக் கல்வியாகவே இருந்தது. சி. டபிள்யூ. டபிள்யூ. கன்னங்கரா கல்வி மந்திரியாயிருந்து 1945இல் இலவசக் கல்வியை நடைமுறைப்படுத்திய பின்னரே அந்த வாசல் ஏழைக்கும் திறந்தது. பல்கலைக்கழகக் கல்லூரி 1942 ஜூலை 1ஆம் நாள் இலங்கைப் பல்கலைக்கழகமாக மலர்ந்தபோது அங்கிருந்தோர் 904 மாணவர், 55 ஆசிரியர். பதினெட்டு ஆண்டுகள் அடித்தளம் இட்ட பேராசிரியர், மாளிகை எழுந்தபோது உள்ளே இல்லை. இரண்டு ஆண்டுகளுக்கு முன்னரே அவர் வெளியேறியிருந்தார்.

பேராசிரியராக இருந்த காலத்திலேயே அரசியல் அவரை இழுத்தது. இதனைச் சொல்லும்போது 1936ஆம் ஆண்டு நிகழ்ச்சியை விட்டுவிட முடியாது. அது ஒரு கணக்கு. இளைஞர் பலர் கேள்விப்பட்டிருப்பர். ஆயினும் எப்படி நடந்தது என்பதை விளங்கியோர் சிலரே. ஆகவே சற்று விரித்துச் சொல்லுகிறோம்.

டொனமூர் அரசியல் அமைப்பின்படி அரசாங்க சபையில் மக்கள் தெரிந்தோர் 50 பேர், தேசாதிபதி நியமித்தோர் 8 பேர் இருந்தனர். சபாநாயகர் ஒருவர் நீங்கலாக எல்லோரும் ஏழு நிர்வாகக் குழுக்களாகப் பிரிவர். ஒவ்வொரு குழுவும் தன் தலைவரைத் தானே தெரியும். அத்தலைவரே அத்துறையின் மந்திரி. குழுவொன்றில் ஏறக்குறைய எட்டுப் பேர். ஐந்து கைகள் உயர்ந்தால் தலைவர் பதவி கிடைத்துவிடும். இப்போது கணக்கைப் பாருங்கள். பெரும்பான்மை இனத்தவர் எட்டுப் பேரும் ஒரே குழுவிற் குவிந்தால் மூன்று கைகள் வீண். குழுவுக்கு ஐவராகப் பரந்து நின்றால், முப்பத்தைந்து பேர் ஏழு மந்திரிகளையும் தாமே பெறலாம். மறுபுறம், பதினைந்து பேரையுடைய சிறுபான்மையினர் குழுவுக்கு இருவராகச் சிதறினால் ஒரு மந்திரியும் இல்லை. ஐவர் ஐவராக மூன்று குழுக்களிற் சேர்ந்து நின்றால் மூவர் கிடைப்பர். எத்தனை பேர் என்பதைப் போலவே எங்கே நிற்கிறார்கள் என்பதும் பெரிது. விளக்கத்துக்காக முழு எண்களை எடுத்துக்கொண்டோம். உண்மையிலும் தத்துவம் இதுவே.

1931இல் அமைந்த மந்திரிசபையில் பெரி சுந்தரம் அவர்களும் மாக்கான் மாக்கார் அவர்களும் சிறுபான்மையினர் சார்பில் இருந்தனர். 1936இல் ஏழு மந்திரிகளும் சிங்களவரே. அந்தப் பங்கீட்டை வகுத்துக் கொடுத்த மூளை சேனநாயக்காவின் நண்பராகிய சுந்தரலிங்கத்தினுடையது என்று அக்கால அரசியலை எழுதியோர் பலர் கூறுவர். மந்திரிகள் ஒருமித்துப் பேசினாலன்றி மேலதிக உரிமைகளைப் பிரித்தானியர் தாரார் என்பதே அதற்குச் சொல்லப்பட்ட நியாயம். சுதந்திரம் முதலில், பங்கு பின்னர் என்று நம்பினார்போலும். அந்த நம்பிக்கையைக் கபடமென்று நாம் சொல்லோம். ஆனால் தமிழ் மக்களிடையே அது மூட்டிய அச்சம் பெரிது. சம பிரதிநிதித்துவம் கேட்டு ஜி. ஜி. பொன்னம்பலம் அவர்கள் எழுப்பிய குரல் பின்னர் அத்துணை எடுபட்டதற்கு இந்த ஏழு நாற்காலிகளும் ஒரு காரணம். 1942இல் அருணாசலம் அவர்களின் மைந்தர் மகாதேவா உள்நாட்டு மந்திரியானபோதே அந்தக் கணக்கு உடைந்தது.

இனி 1947க்கு வருவோம். வவுனியாவிலே சுயேச்சையாக நின்று வென்ற சுந்தரலிங்கம், அவ்வாண்டு செப்டெம்பரிலே வர்த்தக மந்திரியானார். 1948 பெப்ரவரியிலே சுதந்திரம் வந்தது. அவ்வாண்டிலேயே பிரசாவுரிமைச் சட்டமும் வந்தது. தேயிலைத் தோட்டங்களிலே தலைமுறையாக உழைத்த இந்திய வம்சாவளித் தமிழரைப் பிரசைகள் அல்லாதவராக்கும் சட்டம் அது.

இந்தத் தொழிலாளரை மன்னார் மக்களுக்குப் புதிதாக அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. அவர்கள் வந்திறங்கிய கரை எமது கரை. கப்பல் வசதி வருமுன்னே வள்ளங்களில் வந்து, மன்னாரிலிருந்து காட்டுவழியே கால்நடையாக மாத்தளை நோக்கி நடந்தனர். கொலராவிலும் காய்ச்சலிலும் பசியிலும் வழியிலேயே மாண்டோர் பலர். 1914இல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பலும், தலைமன்னாரிலிருந்து புகைவண்டியும் ஓடத் தொடங்கின. அதன்பின் அவர்கள் எம் வீட்டு வேலிகளைக் கடந்து புகைவண்டியிற் சென்றனர். பிற்காலத்தில், 1964ஆம் ஆண்டு சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தப்படி 9,75,000 பேரை இரு நாடுகளும் கணக்குப் பார்த்துப் பகிர்ந்தன: இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000, எஞ்சிய 1,50,000 பேரைப் பின்னர் பேசித் தீர்ப்பதாக. அழுகையோடு தலைமன்னார் இறங்குதுறையில் இராமானுஜம் கப்பல் ஏறியவர்களை எம் ஊர் மூத்தோர் கண்ணாற் கண்டிருக்கின்றனர்.

முதலாவது பிரசாவுரிமைச் சட்டம் நிறைவேறியபோது சுந்தரலிங்கம் மந்திரிசபையில் இருந்தார். இதனை மறைத்தல் தகாது. ஆனால் இந்திய, பாகிஸ்தானியர் பிரசாவுரிமை மசோதா 1948 டிசம்பர் 10ஆம் நாள் இரண்டாம் வாசிப்பு வாக்கெடுப்புக்கு வந்தபோது அவர் சபையை விட்டு வெளியே நடந்தார். பிரதமர் விளக்கம் கேட்டார். வாக்களிக்க மனமில்லாத மந்திரி, மந்திரியாக இருக்கவும் விரும்பவில்லை, பதவியைத் துறந்தார். சிற்றம்பலம் அவர்களும், சில மாதங்களுக்கு முன்னரே மந்திரியாகியிருந்த பொன்னம்பலம் அவர்களும் பதவியிலேயே இருந்தனர். மலைநாட்டுத் தொகுதிகளிலிருந்து 1947இல் பாராளுமன்றம் சென்ற இலங்கை இந்தியன் காங்கிரஸ் உறுப்பினருள் 1952இல் ஒருவரேனும் திரும்பவில்லை. வாக்காளர் பட்டியலில் அவர்களுடைய மக்களே இல்லை. கணிதம் அறிந்தவர்க்கு இதன் விளைவு முன்கூட்டியே தெரிந்திருக்கும். ஏழு குழுக் கணக்கில் ஒரு பக்கம் நின்றவர், இந்தக் கணக்கில் மறுபக்கம் சென்று நின்றார். எத்தனை பேர் ஒதுக்கப்பட்டாலும் நாற்காலியை விடாதோர் மலிந்த நாட்டிலே அந்த ஒருவர் நடந்து வெளியேறிய காட்சியை நாம் பெரிதாகவே மதிக்கிறோம்.

அதன்பின் அவர் எவருக்கும் அடங்கவில்லை. தேசியக் கொடியின் அமைப்பை எதிர்த்து 1951இல் ஆசனத்தைத் துறந்தார். வவுனியா மக்கள் இடைத்தேர்தலில் மீண்டும் அவரையே அனுப்பினர். 1952இலும் 1956இலும் வென்றார். சிங்களம் மட்டும் சட்டத்தை எதிர்த்தார். சேர்ந்து வாழ இடமில்லையெனில் தனித்து வாழவேண்டும் என்று, வேறு பலர் அச்சொல்லை உச்சரிக்கத் துணியாத 1950களின் பிற்பகுதியிலேயே வெளிப்படையாகப் பேசினார். கட்சி கட்டி ஆள்சேர்க்கும் பொறுமை அவரிடம் இல்லை. நீண்ட கடிதங்களும் வழக்குகளும் அறிக்கைகளுமே அவர் ஆயுதம். 1960 மார்ச் தேர்தலில் வவுனியா அவரைக் கைவிட்டது. 1970இல் காங்கேசன்துறையில் எஸ். ஜே. வி. செல்வநாயகம் அவர்களை எதிர்த்து நின்றும் தோற்றார்.

இனி நாம் தயங்கித் தயங்கி வந்த இடம். 1968ஆம் ஆண்டு மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில். தாழ்த்தப்பட்டோர் என்று ஒதுக்கப்பட்ட மக்கள், மற்றையோரைப் போலத் தாமும் உள்ளே சென்று முருகனை வழிபடவேண்டும் எனக் கேட்டுக் கோயில் வாசலிலே அமர்ந்து சத்தியாக்கிரகம் செய்தனர். அவர்களைத் தடுத்து நின்றோரின் முன்னணியில் நின்றவர் ஒக்ஸ்போட் கண்ட பேராசிரியர் சுந்தரலிங்கம். வயது எழுபதைத் தாண்டியிருந்தது. ஆகமமும் கோயில் வழமையும் அரசின் சட்டத்தால் மாற்றப்படத் தக்கவையல்ல என்பது அவர் வாதம். 1957ஆம் ஆண்டுச் சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டத்தின்கீழ் வழக்குத் தொடரப்பட்டு, குற்றவாளியாகக் காணப்பட்டார். மேன்முறையீடு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை போயிற்று.

இந்து இளைஞர் மன்றம் ஒன்றின் மலரிலே இதனை எழுதாமல் விடலாம் என்று எமக்கு அன்போடு ஆலோசனை கூறியோர் உண்டு. கோயிற் கதையைக் கிளறுவானேன் என்றனர். கோயிற் கதை என்பதனாலேயே எம்மால் விடமுடியவில்லை. தோட்டத் தொழிலாளி நாட்டின் பிரசை என்று கண்டு மந்திரிப் பதவியை எறிந்த கண், கோயில் வாசலில் நின்றவன் அடியான் என்பதைக் காணவில்லை. ஆகமம் கற்றறிந்த பெரியோர் அவருக்கு ஆதரவாகவும் எதிராகவும் அன்றே வாதித்தனர்; அந்த வாதத்துள் நுழையும் தகுதி எமக்கில்லை. திருநாளைப்போவாரை நாயன்மார் வரிசையில் வைத்துப் பூசிக்கும் சமயத்திலே, அவர் குலத்தவரை வாசலில் நிறுத்தியது தவறு என்று சொல்லுவதற்குப் பெருங் கல்வி வேண்டியதில்லை. அது தவறு. பேராசிரியர் செய்தாலும் தவறே.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். இது அவர் ஒருவரது குற்றமாக எழுதி முடித்தல் நேர்மையன்று. அவர் பின்னால் நின்றோர் பலர். வீட்டிலிருந்து ஆமோதித்தோர் அதனினும் பலர். யாழ்ப்பாணத்திலே உதவி பெறும் பள்ளிக்கூடங்களில் எல்லாச் சாதிப் பிள்ளைகளும் சம ஆசனத்தில் இருக்கவேண்டும் என்று 1930ஐ ஒட்டிய ஆண்டுகளில் விதித்தபோது, பள்ளிக்கூடங்களுக்கே தீ வைத்தனர். மிஷன் பள்ளிக்கூடங்களும் வாங்கிலே சமத்துவத்தை எளிதாகக் கொண்டுவந்துவிடவில்லை. வாங்கில் ஒன்றாய் இருந்து கணக்குச் செய்த பிள்ளைகள் கோயிலில் ஒன்றாய் நிற்பதற்கு மேலும் ஒரு தலைமுறை எடுத்தது; சில ஊர்களில் இன்னும் எடுக்கிறது. எமது மன்றத்து அன்பர்கள் தத்தம் ஊர்க் கோயில்களை எண்ணிப் பார்க்கட்டும்.

பேராசிரியரின் முதுமைக் காலத்திலே உயர்கல்வியில் வேறொரு கணக்கு வந்து சேர்ந்தது. 1970களின் தொடக்கத்திலே பல்கலைக்கழக அனுமதிக்குத் தமிழ் மாணவர் கூடுதலான புள்ளிகள் பெறவேண்டியதாயிற்று. பின்னர் மொழிவாரியாகப் புள்ளிகள் தரப்படுத்தப்பட்டன. 1974இல் மாவட்டப் பங்கீடு வந்தது. விடை சரியா பிழையா என்று மட்டும் பார்த்த பழைய இலண்டன் பரீட்சகர் போய், எழுதியவன் எம்மொழியான், எம்மாவட்டத்தான் என்று பார்க்கும் முறை வந்தது. யாழ்ப்பாணத்து இளைஞர் மனத்தில் அது மூட்டிய தீ எங்கெங்கே பரவியது என்பதை நாடறியும்.

மன்னாராகிய நாம் இதனைச் சொல்லும்போது சற்று நிதானித்தே சொல்லவேண்டும். மொழியை வைத்துப் புள்ளியை உயர்த்தியது அநீதி. அதில் இரண்டு கருத்துக்கு இடமில்லை. மாவட்டப் பங்கீடோ எமக்கு உதவிற்று. இன்றைய முறையில் நூற்றுக்கு 40 இடங்கள் நாடளாவிய திறமைக்கும், 55 மாவட்டங்களுக்கும், 5 கல்வியிற் பின்தங்கிய மாவட்டங்களுக்கும் உரியன. அந்தப் பின்தங்கிய மாவட்டங்களுள் மன்னாரும் ஒன்று. இணைந்த கணிதத்துக்கு ஆசிரியர் இல்லாத பாடசாலையிலிருந்து, அயலூருக்குப் பேருந்தில் ஓடி வகுப்பெடுத்துப் பரீட்சை எழுதி, அந்த வழியால் உள்ளே போனவர்கள் எம்மிடையே உளர். திறமை குறைந்தவன் என்று விடுதியிலே ஏளனம் கேட்டவர்களும் உளர். இந்தப் பங்கீட்டைப் பேராசிரியர் ஏற்றிருப்பாரா என்று நாம் எமக்குள்ளே வாதிட்டதுண்டு. எட்டுப் பேரிருக்கும் குழுவில் ஐந்து கையின் வலிமை அறிந்தவர், ஆசிரியரில்லாத பாடசாலையின் பூச்சியத்தையும் கணக்கில் எடுத்திருப்பார் என்பது எம்முட் சிலர் கட்சி. தகுதிக்கு முன் வேறெதுவும் நில்லாது என்று சொல்லிப் பத்துப் பக்கக் கடிதம் எழுதியிருப்பார் என்பது மற்றையோர் கட்சி. வாதம் இன்னும் தீரவில்லை.

பேராசிரியர் 1985ஆம் ஆண்டு பெப்ரவரி 11ஆம் நாள் தம் எண்பத்தொன்பதாம் வயதில் மறைந்தார். நாடு அதற்குள் போருள் வீழ்ந்துவிட்டது. அவர் பிரதிநிதியாயிருந்த வவுனியாவும், அயலிலுள்ள எமது மாவட்டமும் இடப்பெயர்விலும் அகதி முகாம்களிலும் அடுத்த கால் நூற்றாண்டைக் கழித்தன.

அந்தப் போருக்கு நடுவிலேதான் 1991இல் வவுனியாவில் இணைந்த பல்கலைக்கழகக் கல்லூரி ஒன்று தொடங்கப்பட்டது. 1997இல் அது யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் வவுனியா வளாகமாயிற்று. 2021 ஆகஸ்ட் முதல் வவுனியாப் பல்கலைக்கழகம் என்று தனித்து நிற்கிறது. பம்பைமடுவிலே மன்னார் வீதியோரம் அமைந்திருக்கிறது. பிரயோக கணிதமும் கணினியும் சேர்ந்த பட்டப்படிப்பு அங்கே நடைபெறுகிறது. மன்னாரிலிருந்து காலையிற் புறப்படும் பேருந்து முருங்கனையும் பறையனாலங்குளத்தையும் கடந்து வவுனியா நகரை அடையுமுன் அந்த வாசலில் நிற்கும். புத்தகப் பையைத் தோளில் மாட்டியவர்கள் அங்கே இறங்குவர்.